செக்கிழுத்த செம்மலும் சிறைச் சட்டமும்

தமிழ்ச் சங்க ஆண்டு விழாக்களில் அடிக்கடி காணும் காட்சி ஒன்றுண்டு. சிறுவன் ஒருவன், அட்டையாலும் மூங்கிலாலும் செய்த செக்கைத் தோளில் தாங்கி, காலில் காகிதச் சங்கிலி பூண்டு, மேடையைச் சுற்றி வருவான். அவையோர் கைதட்டுவர், முதியோர் சிலர் கண் கலங்குவர். ஒருமுறை அவ்வேடம் புனைந்து இறங்கி வந்த சிறுவன் தன் தந்தையிடம் ஓர் ஐயம் எழுப்பினான். மாடு இழுக்கும் செக்கை மனிதரைக் கொண்டு இழுக்கச் செய்தார்களே, அப்படி அவர் எதைத்தான் திருடினார் என்பது அவன் கேள்வி. தந்தைக்கு உடனே விடை கூற வரவில்லை. அருகிருந்த எமக்கும் வரவில்லை.

அச்சிறுவனின் கேள்வி எளியதன்று. கொள்ளையடித்தவரும் அல்லர், கொலை செய்தவரும் அல்லர்; கற்றறிந்த வழக்கறிஞர் ஒருவர். அவருக்கு இத்தனை ஆண்டுச் சிறை என்று அளந்தது எது? இன்ன வேலை, இன்ன உணவு என்று விதித்தது எது? தமிழகத்தை விட்டுத் தொலைவில் வாழும் நம் இல்லங்களில் வ. உ. சிதம்பரனாரின் பெயர் அறியாதார் இலர். ஆயினும் இக்கேள்விக்கு விடை தேடி அவர் வாழ்வை ஒருமுறை திரும்பிப் பார்ப்பது, பிள்ளைகளுக்கு மட்டுமன்றி நமக்கும் பயன் தரும்.

வழக்கறிஞர்

சிதம்பரனார் 1872ஆம் ஆண்டு செப்டம்பர் 5ஆம் நாள், அன்றைய திருநெல்வேலி மாவட்டத்து ஓட்டப்பிடாரத்தில் பிறந்தார். தந்தை உலகநாத பிள்ளை வழக்கறிஞர். தாய் பரமாயி அம்மாள். திருச்சிராப்பள்ளியில் சட்டம் பயின்று, 1894ஆம் ஆண்டில் தேர்வில் தேறி, ஊர் திரும்பித் தந்தையின் தொழிலையே மேற்கொண்டார்.

குற்ற வழக்குகளில் அவருக்கு நாட்டம் மிகுதி. போலீசார் தொடுத்த வழக்குகளில் ஏழை எளியோருக்காகக் கட்டணம் பெறாமலே வாதாடினார். அதனால் போலீசாரின் பகையும் வந்தது. மகனுக்கு இன்னல் நேருமோ என அஞ்சிய தந்தை, 1900ஆம் ஆண்டில் அவரைத் தூத்துக்குடிக்கு அனுப்பி வைத்தார். பின்னாளில் குற்றவாளிக் கூண்டில் நின்ற இப்பெருமகனார், அக்கூண்டில் நின்ற எளியோருக்காகப் பல்லாண்டு பேசியவர் என்பதை நாம் மறத்தலாகாது. சட்டத்தின் இயல்பை அவர் நன்கு அறிந்திருந்தார். அறிந்தே அதன் முன் சென்று நின்றார்.

கப்பல்

1905ஆம் ஆண்டில் வங்கம் பிரிக்கப்பட்டதும் எழுந்த சுதேசி இயக்கம் தென்கோடிக் கடற்கரையையும் எட்டியது. தூத்துக்குடிக்கும் கொழும்புக்கும் இடையே நடந்த கடல் வாணிகம் அந்நாளில் பிரிட்டிஷ் இந்தியக் கப்பல் கம்பெனியாரின் கையில் இருந்தது. 1906ஆம் ஆண்டு அக்டோபரில் சுதேசிக் கப்பல் கம்பெனி பதிவு பெற்றது. பங்கு ஒன்று 25 ரூபாய் வீதம் 40,000 பங்குகள். முதல் 10 இலட்சம் ரூபாய் என்பது திட்டம். மதுரைத் தமிழ்ச் சங்கம் கண்ட பாண்டித்துரைத் தேவர் தலைவரானார். ‘காலியா’, ‘லாவோ’ என்னும் இரு கப்பல்கள் 1907ஆம் ஆண்டில் தூத்துக்குடி வந்து சேர்ந்தன.

பழைய கம்பெனியார் கட்டணத்தைக் குறைத்தனர், மேலும் குறைத்தனர். இறுதியில் கட்டணமே இன்றி ஏற்றிச் சென்று, குடையும் இலவசமாகத் தந்தனர் என்று சொல்வர். போட்டி வணிகத்தோடு நின்றிருந்தால் அது இலாப நட்டக் கணக்காக முடிந்திருக்கும். ஆனால் ஆட்சியாளர் கண்ணுக்குக் கப்பல் வேறாகத் தெரிந்தது. கடல் வாணிகத்தில் தம்மவர் கொண்டிருந்த ஆதிக்கத்தை அறைகூவும் செயலாகவே அதனை அவர்கள் கருதினர்.

1908

1908ஆம் ஆண்டு பிப்ரவரி 27ஆம் நாள் தூத்துக்குடிக் கோரல் ஆலைத் தொழிலாளர் வேலை நிறுத்தம் தொடங்கினர். குறைந்த கூலி, நீண்ட வேலை நேரம், ஓய்வுநாள் இன்மை ஆகியவை அவர்தம் குறைகள். சிதம்பரனாரும், வத்தலக்குண்டு தந்த வீரர் சுப்பிரமணிய சிவாவும் அவர்களுக்குத் துணை நின்று நாள்தோறும் கூட்டங்களில் பேசினர். ஏறத்தாழ ஒன்பது நாளில் ஆலை முதலாளிகள் இணங்கினர். கூலி உயர்ந்தது, வார ஓய்வும் கிட்டியது.

கப்பலை விடவும் இவ்வெற்றி ஆட்சியாளரைக் கலங்கச் செய்தது. படித்தோர் மேடையில் பேசுவது அவர்களுக்குப் பழகிய ஒன்று. ஆலைத் தொழிலாளியும் வண்டிக்காரரும் நாவிதரும் ஒரு வழக்கறிஞரின் சொல்லுக்கு இசைந்து நடப்பதோ அவர்கள் கண்டறியாத புதுமை. மார்ச் 9ஆம் நாள், வங்கத் தலைவர் விபின் சந்திர பாலரின் விடுதலையைக் கொண்டாடக் கூட்டமும் ஊர்வலமும் நடந்தன. மாவட்ட ஆட்சியர் விஞ்ச் அதனை விரும்பவில்லை. மார்ச் 12ஆம் நாள் சிதம்பரனாரும் சிவாவும் கைது செய்யப்பட்டனர்.

மறுநாள் திருநெல்வேலி கொதித்தெழுந்தது. கடைகள் அடைபட்டன. நகராட்சி அலுவலகமும் பிற அரசுக் கட்டடங்களும் தீக்கிரையாயின. போலீசார் துப்பாக்கியால் சுட்டதில் நால்வர் உயிரிழந்தனர். தூத்துக்குடியிலும் தொழிலாளர் வேலையை விட்டு வெளியேறினர். ஒரு தலைவரின் சிறைவாசத்தைக் கண்டித்துத் தொழிலாளர் வேலை நிறுத்தம் செய்தது அந்நாளில் இந்நாட்டில் காண அரிய செய்தி.

தீர்ப்பு

சிதம்பரனார் மீது சாட்டப்பட்ட குற்றம் இராசத்துரோகம். இந்தியத் தண்டனைச் சட்டத்தில் 1870ஆம் ஆண்டு சேர்க்கப்பட்ட 124அ என்னும் பிரிவு அது. அரசின்பால் வெறுப்பை விளைவிக்கும் பேச்சும் எழுத்தும் அதன்படி குற்றமாகும். அப்பிரிவு விதித்த தண்டனையின் எல்லைகளை நாம் கூர்ந்து நோக்குதல் வேண்டும். ஒரு முனையில் வெறும் அபராதம். மறு முனையில் ஆயுட்கால நாடு கடத்தல். இவ்விரு முனைகளுக்கும் இடையே எங்கு வேண்டுமாயினும் நீதிபதி கோடு கிழிக்கலாம். அரசியல் நுழைவதற்கு இதனினும் அகன்ற வாயில் வேண்டுவதில்லை.

அக்கோடு எங்கெங்கே கிழிக்கப்பட்டது என்பதை ஒப்பிட்டுப் பார்த்தால் உண்மை விளங்கும். 1897ஆம் ஆண்டில் பாலகங்காதர திலகருக்கு இதே பிரிவின் கீழ்ப் பதினெட்டு மாதம். 1908ஆம் ஆண்டில் அதே திலகருக்கு ஆறு ஆண்டு. 1922ஆம் ஆண்டில் குற்றத்தைத் தாமே ஒப்புக்கொண்ட காந்தியடிகளுக்கு ஆறு ஆண்டு வெறுங்காவல். சட்டப் பிரிவு ஒன்றே. தண்டனை அளவோ ஆண்டுக்கும் ஊருக்கும் ஏற்ப மாறியது.

சிதம்பரனாரின் வழக்கு நடந்த காலம் எத்தகையது? 1908ஆம் ஆண்டு ஏப்ரல் 30ஆம் நாள் முசாபர்பூரில் வெடிகுண்டு வீசப்பட்டு ஆங்கிலப் பெண்மணிகள் இருவர் மாண்டனர். ஜூன் 8ஆம் நாள் வெடிபொருள் சட்டமும் செய்தித்தாள் சட்டமும் ஒருங்கே நிறைவேறின. தூத்துக்குடிக்கும் முசாபர்பூருக்கும் தொடர்பு ஏதும் இல்லை. ஆயினும் வடக்கே வெடித்த குண்டின் அச்சம் தெற்கே தீர்ப்பு எழுதும் மேசை வரையில் பரவி நின்ற காலம் அது.

ஜூலை 7ஆம் நாள் செஷன்சு நீதிபதி பின்ஹே தீர்ப்பளித்தார். இராசத்துரோகப் பேச்சுக்கு ஓர் ஆயுள் தண்டனை. சிவாவுக்கு உணவும் இடமும் தந்து அவர் குற்றத்துக்கு உடந்தையானதற்கு மற்றோர் ஆயுள் தண்டனை. ஆயுள் தண்டனையை இருபது ஆண்டாகக் கணக்கிட்டு நாற்பது ஆண்டு என்று மக்கள் சொல்லி வருந்தினர். சிவாவுக்குப் பத்து ஆண்டு. சிதம்பரனாருக்கு அப்போது வயது 35. செய்தி கேட்ட இளவல் மீனாட்சிசுந்தரம் மனம் பேதலித்துப் போனார். அவர் பின்னர்த் தேறவில்லை.

இத்தீர்ப்பின் கடுமை இலண்டனிலும் உறுத்தியது. இந்திய மந்திரியாக இருந்த மார்லி பிரபு, திருநெல்வேலித் தண்டனைகள் நியாயப்படுத்த இயலாதவை என்று கருதி, வைசிராய் மிண்டோ பிரபுவுக்குத் தம் கவலையைக் கடிதத்தில் தெரிவித்தார். அளவு மீறிய கடுமை நாட்டை அமைதிப்படுத்தாது, வெடிகுண்டுக்கே வழி கோலும் என்பது அவர் எண்ணம். அவரும் ஆட்சியை விட்டுக் கொடுக்க விரும்பியவர் அல்லர். ஆட்சி நிலைப்பதற்கு எத்துணைக் கடுமை போதும் என்பதே அவர் கணக்கு. மேல்முறையீட்டில் தண்டனை ஆறு ஆண்டாகக் குறைந்தது. குற்றம் மாறவில்லை, சான்றும் மாறவில்லை. ஆயுள் முழுமையும் என்றது ஆறு ஆண்டாகச் சுருங்கியது.

சிறை

1908ஆம் ஆண்டு ஜூலை 9ஆம் நாள் கோயம்புத்தூர்ச் சிறையின் கதவு அவருக்குப் பின்னே மூடியது. 1910ஆம் ஆண்டு டிசம்பர் முதல் நாள் வரை அங்கும், அதன்பின் கண்ணனூர்ச் சிறையிலும் அவர் இருந்தார்.

அக்காலச் சிறை விதிகளில் அரசியல் கைதி என்றொரு வகை இல்லை. நாட்டுக்காகப் பேசியவரும் நள்ளிரவில் கன்னம் வைத்தவரும் அவ்விதிகளின் முன் ஒருவரே. கேட்பதற்கு இது சமநீதி போலத் தோன்றும். ஆனால் ஐரோப்பியக் கைதிகளுக்கு மட்டும் தனி உணவும் தனி உடையும் அதே விதிகளில் இடம் பெற்றிருந்தன. குற்றத்தின் நோக்கத்தைப் பார்க்க மறுத்த விதி, தோலின் நிறத்தைப் பார்க்கத் தவறவில்லை.

காலில் விலங்கு, முரட்டுச் சிறையுடை, கேழ்வரகுக் கூழ். முதலில் சணல் கிழிக்கும் இயந்திரத்தில் வேலை தந்தனர். எழுதுகோல் பிடித்த கையில் தோல் உரிந்து குருதி கசிந்தது. பின்னர்ச் செக்கு. மாடு பூட்டும் இடத்தில் மனிதர் நின்று, கடும் வெயிலில் எண்ணெய் ஆட்டிய அவலத்தைப் பிற்காலத்தில் அவரே செய்யுள் வடிவில் எழுதிய தன் வரலாற்றில் பதிந்து வைத்தார்.

அவர் சிறை புகுந்த அதே மாதத்தில் தண்டனை பெற்ற திலகர் மாந்தளைச் சிறையில் வெறுங்காவலில் வைக்கப்பட்டார்; அங்கே நூல்கள் பெற்று, கீதைக்கு விரிந்த உரைநூல் எழுதினார். திலகரின் துன்பத்தை நாம் சிறிதும் குறைத்து மதிப்பிடவில்லை. மனைவியின் மறைவுச் செய்தியும் சிறையிலேயே அவரை அடைந்தது. ஆயினும் திலகரை உலகம் உற்று நோக்கியது. கோயம்புத்தூரை நோக்கிய கண்கள் சில. எவர் பார்க்கின்றார் என்பதற்கேற்பவும் சிறையின் கடுமை கூடும், குறையும் என்பதை இவ்விரு வாழ்வும் காட்டுகின்றன.

அச்செக்கு சிதம்பரனாருக்கென்று புதிதாகச் செய்யப்பட்டதன்று. அவருக்கு முன்னும் பின்னும் பெயர் அறியாக் கைதிகள் பலர் சிறைகளில் செக்கிழுத்தனர். அவர்களுக்காக எவரும் மேடையில் வேடம் புனைவதில்லை. சிதம்பரனாரோ அவர்களை மறந்தாரல்லர். அவர்களுக்கு விண்ணப்பங்கள் எழுதித் தந்தார். கண்ணனூரில் உடனிருந்த கைதிகளுக்கு அறநெறி கூறியதே பின்னர் ‘மெய்யறம்’ என்னும் நூலாயிற்று. ஜேம்ஸ் ஆலன் எழுதிய ஆங்கில நூலொன்றைச் சிறையிலிருந்தே தமிழாக்கி ‘மனம் போல வாழ்வு’ எனப் பெயரிட்டார். திருடன் என்று உலகம் ஒதுக்கியவனும் திருந்தத் தக்க மனிதன் என்னும் உறுதி, சிறை விதிகளை எழுதியவர்களுக்கு இல்லை. அவ்விதியால் வதைபட்டவருக்கு இருந்தது.

அவர் உள்ளே இருந்த காலத்தில் வெளியே கப்பல் கம்பெனி தள்ளாடி, 1911ஆம் ஆண்டில் கலைக்கப்பட்டது. அதே ஆண்டு ஜூன் 17ஆம் நாள் மணியாச்சி நிலையத்தில் ஆட்சியர் ஆஷ், வாஞ்சிநாதனால் சுட்டுக் கொல்லப்பட்டார். 1908ஆம் ஆண்டில் தூத்துக்குடியில் அதிகாரியாக இருந்து சுதேசியத்தை ஒடுக்கியவர் அவர். அக்கொலைக்கு வேறு காரணங்களும் உண்டு. நாம் அதனைப் புகழ வரவில்லை. மார்லி பிரபு முன்னரே அஞ்சியது தென்னாட்டிலும் நிகழ்ந்தது என்பது மட்டும் வரலாறு.

விடுதலைக்குப் பின்

1912ஆம் ஆண்டு டிசம்பர் 24ஆம் நாள் சிதம்பரனார் விடுதலையானார். நான்கே முக்கால் ஆண்டுக்கு முன் அவர் கைதானதற்காக ஊரே திரண்டது; அவர் வெளிவந்த நாளிலோ வரவேற்கக் கூடியோர் மிகச் சிலர். அவருக்குச் சற்று முன் சேலம் சிறையிலிருந்து வெளிவந்த சிவா, சிறையில் தொழுநோய் பற்றிய உடலோடு இருந்தார். பிற்காலத்தில் அந்நோயைக் காட்டிப் புகைவண்டியிலும் அவருக்கு இடம் மறுக்கப்பட, அவர் நடந்தே ஊர் ஊராகச் சென்று தொண்டாற்றி, 1925ஆம் ஆண்டில் பாப்பாரப்பட்டியில் மறைந்தார்.

சிறைக்கதவு திறந்தது, தண்டனை முடியவில்லை. தண்டனை பெற்றவர் என்பதால் வழக்கறிஞர் உரிமம் பறிபோயிற்று. கற்ற தொழிலைச் செய்ய இயலாமல், சென்னையில் சிறு வணிகம் செய்தும் நண்பர் உதவி பெற்றும் குடும்பத்தை ஓட்டினார். கப்பல் கம்பெனி நடத்திய கைக்கு வீட்டுச் செலவும் சுமையாயிற்று.

தொலைவில் வாழும் தமிழராகிய நாம் இங்கே பெருமையோடு நினைக்கத் தக்க செய்தி ஒன்றுண்டு. தென்னாப்பிரிக்காவில் உழைத்து வாழ்ந்த தமிழர் அவர்தம் வறுமையைக் கேள்வியுற்றுப் பொருள் திரட்டினர். அத்தொகை காந்தியடிகள் வழியாக வர வேண்டியிருந்தது. இருவருக்கும் இடையே கடிதங்கள் பல நடந்து, 1916ஆம் ஆண்டில் 347 ரூபாய் 12 அணா சிதம்பரனாரை அடைந்தது. கடல் கடந்து சென்றும் தமிழகத்தை மறவாத எளியோரின் கொடை அது.

பல ஆண்டுகள் கழித்து, வாலஸ் என்னும் ஆங்கில நீதிபதி அவருக்கு மீண்டும் உரிமம் கிடைக்கச் செய்தார். நன்றி மறவாத சிதம்பரனார் தம் மகனுக்கு வாலேசுவரன் என்று பெயரிட்டார். ஆங்கில ஆட்சியை வாழ்நாள் முழுதும் எதிர்த்தவர், அவ்வாட்சியைச் சேர்ந்த நல்லவர் ஒருவரின் பெயரைத் தம் இல்லத்தில் நாளும் வழங்கச் செய்தார். பகை ஆட்சியோடுதான், மனிதரோடு அன்று என்பதற்கு வேறு சான்று வேண்டுமோ?

கோவில்பட்டியிலும் பின்னர்த் தூத்துக்குடியிலும் வழக்காடிக்கொண்டே தமிழாராய்ச்சியிலும் ஈடுபட்டு, திருக்குறளுக்கு மணக்குடவர் உரையையும் தொல்காப்பியத்துக்கு இளம்பூரணர் உரையையும் பதிப்பித்த அப்பெரியார், 1936ஆம் ஆண்டு நவம்பர் 18ஆம் நாள் தூத்துக்குடியில் கண்மூடினார்.

சிறுவனுக்கு விடை

சிதம்பரனார் வாழ்ந்த காலத்திலேயே சிறை விதிகள் சிறிது சிறிதாக மாறத் தொடங்கின. 1919ஆம் ஆண்டில் அமைந்த இந்தியச் சிறைக் குழு, கைதியைத் திருத்துவதும் சிறையின் நோக்கமாக வேண்டும் என்றது. 1929ஆம் ஆண்டில் இலாகூர்ச் சிறையில் 63 நாள் உண்ணாநோன்பிருந்து ஜதீந்திரநாத் தாஸ் உயிர் நீத்தார். அதன் பின்னரே 1930ஆம் ஆண்டில் கைதிகள் மூன்று வகுப்புகளாகப் பிரிக்கப்பட்டனர். அதிலும் கல்வியும் செல்வ நிலையுமே அளவுகோலாயின. நாட்டுக்காகச் சிறை சென்ற ஏழைத் தொண்டன் கடைசி வகுப்பிலேயே கிடந்தான்.

1894ஆம் ஆண்டுச் சிறைச் சட்டம் விடுதலைக்குப் பின்னும் பல்லாண்டு நின்றது. சாதி பார்த்துக் கைதிகளுக்கு வேலை பிரிக்கும் சிறை விதிகளை 2024ஆம் ஆண்டு அக்டோபர் 3ஆம் நாளன்றுதான் உச்ச நீதிமன்றம் செல்லாதவையாக்கியது. 124அ பிரிவு 2022ஆம் ஆண்டு மே மாதத்தில் நிறுத்தி வைக்கப்பட்டது. 2024ஆம் ஆண்டு ஜூலை முதல் நாள் நடைமுறைக்கு வந்த புதிய சட்டத்தில் இராசத்துரோகம் என்னும் பெயர் இல்லை. நாட்டின் இறையாண்மைக்கும் ஒற்றுமைக்கும் ஊறு செய்தல் என்னும் வேறொரு பிரிவு இடம் பெற்றது. அதன் எல்லை யாது என்பது இனி நீதிமன்றங்கள் வரையறுக்க வேண்டியது.

சிதம்பரனார் இழுத்த செக்கு இன்று சென்னைக் கிண்டியில் காந்தி மண்டப வளாகத்தில் போற்றிக் காக்கப்படுகிறது. 1972ஆம் ஆண்டில் அவர் உருவம் பொறித்த அஞ்சல் தலை வெளிவந்தது. 2011ஆம் ஆண்டில் தூத்துக்குடித் துறைமுகமே அவர் பெயரைத் தாங்கியது. ஓர் அரசு குற்றம் என்றதை மற்றோர் அரசு புகழ் என்றது. செயல் ஒன்றே.

ஆகவே அச்சிறுவனுக்கு நாம் இப்படி விடை கூறலாம். அவர் எதையும் திருடவில்லை. அவர் சொல்லுக்கு அரசு அஞ்சியது. அவ்வச்சமே அவருக்குரிய ஆண்டுகளை எண்ணியது, விலங்கைப் பூட்டியது, செக்கைத் தந்தது. இன்னொன்றும் சேர்த்துச் சொல்ல வேண்டும். சிறையில் ஒருவர் இருக்கின்றார் என்று கேட்டவுடன் அவர் தீயவர் என்று முடிவு கட்டாதே. என்ன செய்தார், எச்சட்டம், எவ்வளவு தண்டனை, அதே செயலுக்குப் பிறருக்கு எவ்வளவு என்று கேள். குற்றமே செய்தவராயினும், அவரும் மாட்டின் இடத்தில் பூட்டத் தகாத மனிதரே என்பதை மறவாதே. சிதம்பரனார் சிறையில் தம்முடன் இருந்தோருக்குச் செய்த தொண்டு நமக்கு உணர்த்துவது அதுவே.

அடுத்த ஆண்டு விழாவிலும் நம் பிள்ளை ஒருவன் அட்டைச் செக்கோடு மேடை ஏறுவான். அவன் மேடையை விட்டு இறங்கி வரும்போது சொல்வதற்கு நம்மிடம் விடை இருக்கட்டும்.